நிறம் போன குரல்

வெகு காலத்துக்கு முன்னால் நடந்தது. எத்தனை வருஷம் என்று கேட்காதீர்கள், எண்ணிக்கொண்டிருந்தால் கதை நகராது. சாம்பற்குன்றம் என்று ஒரு நாடு இருந்தது. பெயருக்கு ஏற்ற நாடு. மண் சாம்பல். மரம் சாம்பல். மரத்தில் பழுத்த பழம், பழத்தைக் கொத்த வந்த கிளி, கிளியை விரட்டிய மனிதன், எல்லாம் சாம்பல்.

நிறமே இல்லையா என்றால், இருந்தது. சத்தத்தில் இருந்தது.

அங்கே சத்தம் போட்டால் நிறம் எழும்பும். சேவல் கூவினால் கூரைக்கு மேல் சிவப்பாக ஒரு கீற்று ஓடும். உலக்கை இடித்தால் மண்பானை நிறத்தில் வட்டம் வட்டமாகக் கிளம்பிச் சுவரில் முட்டிக் கரையும். மழை பெய்தால் நாடே பச்சை. பிள்ளைகள் சிரித்தால் தெருவெல்லாம் மஞ்சள் தூவினாற்போல் இருக்கும். சத்தம் அடங்கினால் நிறமும் அடங்கும். திரும்பவும் சாம்பல்.

மனிதர் குரலுக்கும் நிறம் உண்டு. ஒருவர் நிறம் இன்னொருவருக்கு வராது. அண்ணன் தம்பிக்கு வராது, இரட்டைப் பிள்ளைகளுக்கும் வராது. அதனால் அந்த ஊரில் யாரும் யார் முகத்தையும் பார்ப்பதில்லை. சாம்பல் முகத்தில் பார்க்க என்ன இருக்கிறது? பேசுகிறவர் வாய்க்கு ஒரு சாண் தள்ளிக் காற்றைப் பார்ப்பார்கள். நீலம் வந்தால் மாமன். கருஞ்சிவப்பு வந்தால் மாமியார். ஆளைத் தெரிந்துகொள்ள அது போதும் என்று இருந்தார்கள்.

ஒரு வழக்கம் சொல்கிறேன், ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள். பிறகு கேட்டால் சொல்லமாட்டேன். ஒருவர் பேசும்போது அங்கே எதிரில் இருப்பவர் கண்ணை மூடக்கூடாது. கண்ணை மூடுவது செத்தவர்களுக்கு. உயிர் போனதும் சொந்தபந்தம் சுற்றி நின்று கண்ணை மூடும். இனி உன் நிறத்தைத் தேடமாட்டோம் என்று அர்த்தம். உயிரோடு இருப்பவன் பேசும்போது மூடினால், நீ எனக்குச் செத்துப்போனாய் என்று அர்த்தம். தூசி விழுந்து கண்ணைக் கசக்கிய மருமகனைப் பஞ்சாயத்துக்கு இழுத்த மாமனார் எல்லாம் அந்த ஊரில் உண்டு.

நிறமில்லாத குரல் என்றால் பேய். அது வாசலுக்கு வந்து பெயர் சொல்லி மூன்று தரம் கூப்பிடும். திறக்கக்கூடாது. போய்விடும்.

இப்போது மலைக்கு வருகிறேன். ஊருக்கு வடக்கே ஒரு கரடு. அதன் உச்சியில் சங்குமாயன் என்று ஒரு மந்திரவாதி. அவன் கையில் ஒரு சங்கு. அவன் எப்போதாவதுதான் ஊதுவான். ஊதினால் வானத்தில் ஒரு நிறம் எழும்பும் பாருங்கள், அதற்குப் பெயர் இல்லை. சிவப்பு என்று சொல்ல வாயைத் திறப்பதற்குள் நீலமாகிவிடும், நீலம் என்பதற்குள் வேறொன்று. பசித்தவன் பார்த்துவிட்டு, வயிறு நிறைந்தது என்றான். புருஷனை இழந்த ஒருத்தி பார்த்துவிட்டு உள்ளே போய் இரண்டு பேருக்குச் சமைத்தாள். அப்படி ஒரு சத்தம். அப்படி ஒரு நிறம்.

சங்கு ஊதினால் யாரோ கரட்டில் ஏறிவிட்டார்கள் என்று ஊருக்குத் தெரியும். ஏறினவர் கேட்டது கிடைத்துவிடும். வற்றின கிணறு சுரக்கும், படுத்த பிள்ளை எழுந்திருக்கும். சங்குமாயன் வாக்குத் தவறமாட்டான். அவனிடம் இருந்த கெட்ட குணமே அதுதான். ஆனால் ஏறினவர் திரும்பமாட்டார். அன்றைக்கே பொழுது சாயும்போது அவர் வீட்டு வாசலில் ஒரு வெறுங்குரல் வந்து கூப்பிடும். உள்ளே இருப்பவர்கள் கதவை இன்னும் கெட்டியாகச் சாத்திக்கொள்வார்கள்.

அந்த ஊரில் கொம்பையா என்று ஓர் ஆட்டுக்காரன். அவன் பெண்டாட்டி சிலம்பாயி. அவன் குரல் நன்றாகப் பழுத்த பனம்பழத்தைக் கீறினால் உள்ளே தெரியுமே, அந்த நிறம். அவள் குரல் பிஞ்சுக் கத்திரிக்காய் நிறம். சாயங்காலம் அவன் மேட்டில் நின்று, "ஏஏ... வா" என்று கடைசியை மேலே தூக்கி ஆடுகளைக் கூப்பிடுவான். பள்ளம் முழுக்கப் பனம்பழ நிறம் வழியும். அவள் அடுப்படியிலிருந்து அதைப் பார்த்துவிட்டுத்தான் உலையில் அரிசி போடுவாள்.

அவர்களுக்கு வெகு நாள் கழித்து ஒரு பெண் பிள்ளை பிறந்தது. பிறந்ததும் அழுதது. மருத்துவச்சி காற்றைப் பார்த்தாள். ஒன்றும் இல்லை. பிள்ளையைத் திருப்பிப் பிடித்து முதுகில் தட்டினாள். வீறிட்டு அழுதது. காற்றில் ஒன்றும் இல்லை. மருத்துவச்சி பிள்ளையைத் தாயின் பக்கத்தில் கிடத்திவிட்டு, கையைக்கூடக் கழுவாமல் போய்விட்டாள்.

ஏன் அப்படிப் பிறந்தது என்று கேட்காதீர்கள். சில பிள்ளைகள் அப்படிப் பிறக்கும்.

ஊர்த்தலைவர் வீரணன் வந்தார். சாணிப்பச்சை நிறத்தில் பேசுவார். கெட்டவர் என்று சொல்லமுடியாது. சட்டம் தெரிந்தவர், அவ்வளவுதான். மூன்றாம் பிறையன்று பெயர் வைப்பது வழக்கம் என்றார். அன்றைக்குப் பிள்ளை ஊர் முன்னால் அழவேண்டும், நிறம் வரவேண்டும். வராவிட்டால் அது செத்துப் பிறந்த பிள்ளை. எல்லைக்கல்லுக்கு அந்தப் பக்கம் வைத்துவிட்டு வந்துவிட வேண்டும். எல்லைக்கல்லுக்கு அந்தப் பக்கம் நரிகள்.

சிலம்பாயி பிள்ளையின் நாக்கில் தேன் தடவினாள். வரவில்லை. கோயில் மணிக்குக் கீழே பிள்ளையைப் பிடித்துக்கொண்டு நின்றாள், மணியின் பொன்நிறம் கொஞ்சமாவது ஒட்டாதா என்று. ஒட்டவில்லை. தாலாட்டுப் பாடினாள், குரல் கிழியும்வரை பாடினாள். வீடு முழுக்கக் கத்திரிக்காய் நிறம் நிறைந்தது. நடுவில் பிள்ளை வாயைத் திறந்து அழுதது, அதன் வாய்க்கு முன்னால் மட்டும் சாம்பல்.

கொம்பையா பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான்.

"சத்தம் நல்லாத்தான் இருக்கு புள்ள" என்றான்.

"சத்தத்தை வெச்சு என்ன செய்ய?" என்றாள் அவள்.

அந்த ஊரில் அதற்குமேல் பேச ஒன்றும் இல்லை.

மூன்றாம் பிறைக்கு முந்தின நாள் விடிந்ததும் கொம்பையா கம்பை எடுத்துக்கொண்டு கிளம்பினான். கருங்கிடா ஒன்று பட்டிக்கு வரவில்லை, தேடிவிட்டு வருகிறேன் என்றான். வாசலில் நின்று அவளை ஒரு தரம் கூப்பிட்டான். அவள் திரும்பினாள். காற்றில் நின்ற பனம்பழ நிறத்தைப் பார்த்தாள். "என்னங்க?" என்றாள். ஒன்றுமில்லை என்று சொல்லிவிட்டுப் போனான். அவன் முகத்தை அவள் பார்க்கவில்லை. அந்த ஊரில் யார் பார்த்தார்கள்?

உச்சிப்பொழுதில் சங்கு ஊதியது.

வானம் முழுக்க அந்தப் பெயரில்லாத நிறம். தெருவில் போனவர்கள் நின்றார்கள். தண்ணீர் இறைத்தவள் கயிற்றை விட்டாள். சிலம்பாயியும் வாசலுக்கு வந்து அண்ணாந்து பார்த்தாள். பிள்ளைக்காக வைத்திருந்த துக்கம் அந்த நேரம் அவளுக்கு மறந்துபோனது. அவ்வளவு அழகு.

உள்ளே பிள்ளை அழுதது. கதவிடுக்கு வழியாக நிறம் வெளியே வந்தது.

ஓடினாள். தூளிக்கு மேலே கொழுகொழுவென்று நிறம் நின்றது. பிள்ளை இன்னொரு தரம் வீறிட்டது, இன்னும் நிறைந்தது. சிலம்பாயி சிரித்துவிட்டாள். சிரித்த வாய் மூடவில்லை, அதற்குள் தெரிந்துவிட்டது. அது பனம்பழ நிறம்.

ஒருவர் நிறம் இன்னொருவருக்கு வராது என்று சொன்னேன் அல்லவா? உயிரோடு இருக்கிறவன் நிறம் வராது.

ஊர் கூடியது. பிள்ளையை அழவிட்டுப் பார்த்தார்கள், அழாத நேரத்தில் கிள்ளியும் பார்த்தார்கள். எல்லாருக்கும் தெரிந்த நிறம். வீரணன் தலையை ஆட்டினார். பிள்ளை பிழைத்தது, அப்பன் போனான் என்றார். சாவு விழுந்த வீட்டில் பெயர் வைக்கக்கூடாது, பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்றும் சொன்னார். பிறகு எல்லாரும் கொம்பையா உட்காருகிற மூலையைப் பார்த்து நின்று கண்ணை மூடினார்கள்.

சிலம்பாயியும் மூடினாள்.

பொழுது சாய்ந்தது. வந்தவர்கள் போய்விட்டார்கள். ஆடுகளைப் பக்கத்து வீட்டுக்காரர் பட்டியில் அடைத்துவிட்டுப் போனார். சிலம்பாயி கதவைச் சாத்திக்கொண்டு பிள்ளைக்குப் பால் கொடுத்துக்கொண்டிருந்தாள்.

"சிலம்பாயி, கதவைத் திற."

வெளியே குரல். கதவு இடுக்கில் பார்த்தாள். வாசலில் சாம்பலாக ஓர் ஆள். காற்றில் நிறம் இல்லை. போய்விடு என்றாள், பிள்ளை பெற்ற வீடு, போய்விடு.

"நான்தான் புள்ள. கதவைத் திற."

காற்றில் ஒன்றும் இல்லை. பேய்க்குப் பெயர் தெரியும், குடும்பம் தெரியும், எல்லாம் தெரியும் என்று அவளுக்குச் சொல்லி வளர்த்திருந்தார்கள். பிள்ளையை மார்போடு இறுக்கிக்கொண்டாள்.

மூன்றாம் தரம் அந்த ஆள் உடனே கூப்பிடவில்லை. கதவில் கை வைத்து நின்றான். பிறகு கேட்டான்.

"பிள்ளை அழுதாளா? நிறம் வந்துதா? அதை மட்டும் சொல்லிரு. அப்புறம் கதவைத் திற."

பேயைத் துரத்த ஒரே வழிதான் அந்த ஊரில். சிலம்பாயி கதவு இடுக்கில் தன் முகம் தெரியும்படி நின்றாள். கண்ணை மூடினாள்.

பிறகு காலடி. அது தள்ளித் தள்ளிப் போனது.

அப்போதுதான் பட்டி உடைந்தது. படல் விழுந்து நொறுங்கின சத்தம் மண்நிறத்தில் தெறித்தது. சிலம்பாயி கண்ணைத் திறந்து பார்த்தாள். ஆடுகள் மொத்தமும், தாயும் குட்டியும், நொண்டி ஆடுகூட, அந்தச் சாம்பல் ஆளுக்குப் பின்னால் ஓடிக்கொண்டிருந்தன. பேய் வந்தால் ஆடு மூலையில் ஒண்டும். இவை ஓடிப்போய் அவன் காலை முட்டின. அவன் நின்றான். குனிந்து ஒவ்வொன்றாகத் தள்ளிவிட்டான். அவை போகவில்லை. கடைசியில் அவன் ஏதோ சொன்னான். நிறமில்லாமல்தான் சொன்னான். ஆடுகள் திரும்பி வரிசையாகப் பட்டிக்கு வந்தன.

அது பேய் இல்லை என்று சிலம்பாயிக்கு அப்போது தெரிந்தது.

தாழைத் திறந்து வெளியே ஓடி அவன் பெயரைச் சொல்லிக் கத்தினாள். தெரு முழுக்கக் கத்திரிக்காய் நிறம் பரவியது. கரட்டுப் பாதையில் யாரும் இல்லை. கண்ணை மூடிக் காட்டிய பிறகு எவன் திரும்பிப் பார்ப்பான்?

விடிந்ததும் பிள்ளையை முதுகில் சேலையால் கட்டிக்கொண்டு கரட்டில் ஏறினாள். ஊர் தடுத்தது. போனவள் திரும்பமாட்டாள் என்றார்கள். போகாமல் இருந்து என்ன செய்யப்போகிறேன் என்று கேட்டாள்.

கரடு வழுக்கும், முள் கிழிக்கும், அதையெல்லாம் நான் விவரிக்கப்போவதில்லை. ஏறினாள்.

உச்சியில் கல் கல்லாக நின்றன. ஆள் உயரக் கற்கள், உட்கார்ந்த கற்கள், கையை நீட்டிய கற்கள். எல்லாம் சாம்பல். நடுவில் சங்குமாயன் ஒரு பாறைமேல் கால்மேல் கால் போட்டு உட்கார்ந்திருந்தான். மடியில் சங்கு.

"வாம்மா. பிள்ளை சௌக்கியமா? நிறம் நல்லாப் பிடிச்சுதா?"

சிலம்பாயி தன் புருஷனைக் கேட்டாள்.

சங்குமாயன் மறைக்கவில்லை. மறைக்க அவனுக்கு அவசியமும் இல்லை. இங்கே ஏறி வருகிறவர்கள் கேட்டதை நான் கொடுக்கிறேன், பதிலுக்கு அவர்கள் குரலின் நிறத்தை எடுத்து இந்தச் சங்கில் போட்டுக்கொள்கிறேன் என்றான். வானத்தில் ஊர் பார்த்து வாயைப் பிளக்கிற நிறம் அதுதான். ஊர்க்காரர்கள் நிறமெல்லாம் கலந்துபோனால் அதற்குப் பெயர் எங்கே இருக்கும்? நிறத்தை எடுத்ததும் ஆளை வீட்டுக்கு அனுப்பிவிடுகிறேன். அடைப்பதில்லை, அடிப்பதில்லை. நிறம் போன குரலைக் கேட்டு, இன்னார் என்று ஒருவர் பெயர் சொன்னால் போதும், சங்கு உடைந்துவிடும், நான் ஒழிந்தேன். இத்தனை காலத்தில் ஒருவரும் சொன்னதில்லை. மூன்று தரம் கூப்பிடுவார்கள். பிறகு போக இடமில்லாமல் இங்கேயே வந்து கல்லாக நிற்பார்கள். யாருக்கும் யாரென்று தெரியாமல் போன ஒவ்வோர் ஆளும் எனக்கு ஓர் ஆயுள்.

"உன் புருஷன் மட்டும் கொஞ்சம் விவரமானவன். என் நிறத்தைச் சங்குல போடாதே, பிள்ளைக்குக் குடுன்னு கேட்டான். குடுத்துட்டேன். எனக்கு நிறம் மிச்சமில்லை, ஆள்தான் மிச்சம்." கற்களைக் கையால் காட்டினான். "வேணும்னா பிள்ளைகிட்ட இருந்து பிடுங்கி அவனுக்கே குடுக்கறேன். அவன் நிறத்தோட வீட்டுக்கு வரட்டும். பிள்ளையை எல்லைக்கல்லுகிட்ட வெச்சிரு."

சிலம்பாயி பின்னால் கை கொண்டுபோய்ப் பிள்ளையைத் தொட்டுப் பார்த்தாள். வேண்டாம் என்றாள். இதில் என் புருஷன் எது என்று நானே கண்டுபிடிக்கிறேன் என்றாள்.

சங்குமாயன் சந்தோஷமாகச் சம்மதித்தான். மூன்று தரம் காட்டலாம். முதல் தப்புக்கு அவள் குரலின் நிறத்தில் பாதி. இரண்டாம் தப்புக்கு மீதி. மூன்றாம் தப்புக்கு அவளும் கல், பிள்ளை அவனுக்கு.

அவன் விரலைச் சொடுக்கினான். கற்கள் பேசின. எல்லாக் கல்லும் ஒரே வார்த்தைதான். அவர்கள் தங்கள் வாசலில் கடைசியாகப் பேசிய வார்த்தை.

"கதவைத் திற."

"கதவைத் திற."

"கதவைத் திற."

ஆண் குரல், பெண் குரல், கிழக்குரல். ஒன்றுக்கும் நிறம் இல்லை. கரடு முழுக்கக் கதவைத் திற, கதவைத் திற. சிலம்பாயி ஒவ்வொரு கல்லின் வாய்க்கும் முன்னால் போய் நின்று காற்றைப் பார்த்தாள். வேறென்ன செய்வாள்? பிறந்ததிலிருந்து அதுதானே பழக்கம். காற்றில் ஒன்றுமில்லை. பிறகுதான் முகத்தைப் பார்த்தாள். எல்லாம் மூக்கும் வாயும். தன் புருஷனுக்கு மூக்கு எப்படி இருக்கும் என்று யோசித்தாள். தெரியவில்லை. இத்தனை வருஷம் ஒரே கலயத்தில் கஞ்சி குடித்தவர்கள்.

அவன் கெண்டைக்காலில் கிடா முட்டிய தழும்பு உண்டு. எண்ணெய் போட்டுத் தேய்த்துவிட்டவள் அவள்தான். ஒரு கல்லின் காலில் தழும்பைப் பார்த்து, இவர் என்றாள்.

"அது தெற்குத் தெருக் கிழவன்" என்றான் சங்குமாயன். "மகளுக்குச் சுகமாகணும்னு வந்தான். சுகமாச்சு. அவதான் கதவைச் சாத்தினா."

சிலம்பாயியின் குரலில் பாதி நிறம் போனது. பேசினால் கழுவிய துணிபோல் வெளுத்து வந்தது.

இரண்டாவது, தலைப்பாக்கட்டைப் பார்த்தாள். அவனைப்போலவே இடப்பக்கம் முடிச்சு. இவர் என்றாள்.

"அது உங்க ஊர்த்தலைவன் தம்பி. அண்ணனுக்குக் குளத்துல தண்ணி வேணும்னு வந்தான். குளம் நிறைஞ்சுது. அண்ணன் கண்ணை மூடினான்."

மீதி நிறமும் போனது. சிலம்பாயி வாயைத் திறந்து ஐயோ என்றாள். காற்று சாம்பலாகவே இருந்தது. இனி அவள் கீழே போனாலும் ஒரு கதவும் திறக்காது. உட்கார்ந்துவிட்டாள். சுற்றிலும் கதவைத் திற, கதவைத் திற. சங்குமாயன் அவசரப்படுத்தவில்லை. பொழுது இருக்கிறது, பொறுமையாகப் பார் என்றான். அவன் ஒரு வெற்றிலையை எடுத்து நரம்பு கிள்ள ஆரம்பித்தான்.

முதுகில் பிள்ளை விழித்துக்கொண்டு வீறிட்டது. பனம்பழ நிறம் கற்களின் மேலெல்லாம் வழிந்தது. அவளுக்கு அதைப் பார்க்க முடியவில்லை. பிள்ளையை முன்னால் இழுத்து மடியில் போட்டு, பழக்கத்தில், "அழாதடி, அம்மா இருக்கேன்" என்றாள். சொன்ன பிறகுதான் நினைவு வந்தது. நிறமில்லாமல் சொல்லியிருக்கிறாள். பிள்ளைக்கு இது யாரென்று எப்படித் தெரியும்?

பிள்ளை அழுகையை நிறுத்திவிட்டது.

சிலம்பாயி குனிந்து பார்த்தாள். பிள்ளையின் கண் இறுக்க மூடியிருந்தது. காற்றைப் பார்க்கவில்லை. ஒன்றையும் பார்க்கவில்லை. இன்னொரு தரம் மெதுவாக, "அம்மாடி" என்றாள். மூடின கண்ணோடு பிள்ளை அவள் பக்கம் தலையைத் திருப்பியது.

நேற்று ஆடுகளும் பார்க்கவில்லையே. பட்டிக்குள் படலைப் பார்த்துக்கொண்டு நின்றவைதானே அவை.

சிலம்பாயி எழுந்தாள். பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டாள். அத்தனை கற்களுக்கும் நடுவில் நின்று கண்ணை மூடினாள்.

கரடே ஊமையானது. பின் என்ன? நீங்கள் எல்லாரும் செத்தவர்கள் என்று அவள் சொன்னதாகத்தானே அர்த்தம். ஒவ்வொரு கல்லும் தன் வாசலில் ஏற்கனவே பார்த்துவிட்டு வந்த காட்சி அது. சங்குமாயன் சிரித்தான். அவ்வளவு தூரம் ஏறி வந்து நீயும் அதைத்தான் செய்தாய் என்றான். வெற்றிலையை வாயில் போட்டுக்கொண்டான்.

"பேசுங்க" என்றாள் சிலம்பாயி. கண்ணைத் திறக்கவில்லை. "நேத்து நான் கேட்கலை. இப்பக் கேட்கறேன். பேசுங்க."

யாரும் பேசவில்லை. காற்று மட்டும் போனது. அவள் நின்றுகொண்டே இருந்தாள். கண்ணுக்குள் இருட்டு. அந்த ஊரில் பிறந்தவளுக்கு அந்த இருட்டு எப்படி இருக்கும் என்று உங்களுக்குத் தெரியாது. தூங்கும்போது தவிர அவள் அங்கே போனதில்லை, செத்தவர்களுக்காகத் தவிர.

எங்கோ இடப்பக்கம் ஒரு கல் முனகியது. "கதவைத் திற." மூக்கால் பேசுகிற குரல். அது இல்லை. பின்னால் ஒன்று. பல்லில்லாத குரல். அது இல்லை. ஒரு பெண் குரல். ஒரு கரகரப்பு. கெஞ்சல். கோபம். அவை ஒவ்வொன்றும் ஒவ்வொரு மாதிரி இருந்தன, அதுவே அவளுக்கு ஆச்சரியம். குரல்களுக்கு நிறம் மட்டும்தான் வேறு என்று நினைத்திருந்தாள்.

கடைசியில், வெகு தூரத்தில், உச்சியின் விளிம்பில், கேட்டும் கேட்காமலும் ஒன்று.

"கதவைத் திறஅ..."

கடைசியை மேலே தூக்கி விட்டது. மேட்டில் நின்று ஆட்டைக் கூப்பிடுகிற மாதிரி. கெஞ்சும்போதுகூட அவனுக்கு அந்தப் பழக்கம் போகாது. அவள் உலை வைத்துக்கொண்டு எத்தனை சாயங்காலம் கேட்டிருக்கிறாள், கேட்டது தெரியாமலே.

நடந்தாள். கண்ணைத் திறக்கவில்லை. கல்லில் இடித்தாள், விழுந்தாள், முழங்கையை ஊன்றிப் பிள்ளையைக் காப்பாற்றிக்கொண்டு எழுந்தாள். சங்குமாயன் சிரிப்பை நிறுத்திவிட்டிருந்தான். திற கண்ணை என்று கத்தினான், அங்கே பள்ளம், விழுந்து சாகப்போகிறாய் என்றான். மந்திரவாதி அவளுக்காகக் கவலைப்பட்டது அது ஒரு தரம்தான். அவள் கையை நீட்டிக்கொண்டு நடந்தாள். கையில் கல் பட்டது. தோள்வரை கல். கழுத்தில் இன்னும் கொஞ்சம் சூடு இருந்தது.

"இது என் வீட்டுக்காரர்" என்றாள். "கொம்பையா."

சங்கு உடைந்தது.

அப்போது எழுந்த சத்தத்தைப் பற்றியும் அதன் நிறத்தைப் பற்றியும் அந்த நாட்டில் இன்னும் பேசுகிறார்கள். சிலம்பாயிக்கு அது தெரியாது, அவள் கண்ணை மூடியிருந்தாள். கலந்து கிடந்த நிறமெல்லாம் இழை இழையாகப் பிரிந்தது, நீலம் தனி, சிவப்பு தனி, மஞ்சள் தனி. ஒவ்வொன்றும் தன் தன் ஆளைத் தேடிப் போய்த் தொண்டையில் இறங்கியது. கற்கள் இருமின. தெற்குத் தெருக் கிழவன் எழுந்து காலை உதறிக்கொண்டான். சிலம்பாயியின் கத்திரிக்காய் நிறமும் அவளிடமே வந்தது. சங்குமாயன் இருந்த பாறையில் ஒரு கைப்பிடிச் சாம்பல். காற்று அதை ஊதிவிட்டது. நாடே சாம்பல், அதில் அவன் எது என்று யார் தேடுவது?

கொம்பையாவும் கல் உதிர்ந்து ஆளாக நின்றான், அவனுக்கு மட்டும் நிறம் வரவில்லை. அது சங்கில் இல்லையே. பிள்ளையிடம் இருந்தது. கேட்டுக் கொடுத்தது, திரும்பாது.

எல்லாரும் இறங்கி ஊருக்கு வந்தார்கள். ஊர் கொட்டு மேளத்தோடு வரவேற்றது என்று சொல்ல எனக்கும் ஆசைதான். அப்படி ஒன்றும் நடக்கவில்லை. தெற்குத் தெருக் கிழவன் தன் வீட்டு வாசலில் போய் நின்று, கூப்பிடாமலே வெகு நேரம் நின்றான். மகள் உள்ளேயிருந்து பார்த்துவிட்டு, வெளியே வர வெட்கப்பட்டு, கதவுக்குப் பின்னால் அழுதாள். சிலருக்குத் திறக்க வீடே இல்லை, சாத்தினவர்கள் எப்போதோ செத்திருந்தார்கள்.

வீரணன் எல்லையில் நின்றார். திரும்பி வந்தவர்கள் வரலாம் என்றார். கொம்பையாவை மட்டும் நிறுத்தினார். வெறுங்குரல் எல்லைக்குள் வரக்கூடாது, சட்டம் அப்படி என்றார். அவருடைய தம்பி, நிறம் திரும்ப வந்த தம்பி, கூட்டத்தில் பின்னால் நின்றிருந்தான். அண்ணனிடம் ஒரு வார்த்தை பேசவில்லை.

"தலைவரே" என்றாள் சிலம்பாயி. "உங்க தம்பி வாசல்ல வந்து மூணு தரம் கூப்பிட்டாரே. எப்படிக் கூப்பிட்டார்னு சொல்லுங்க. சொல்லிட்டா நாங்க போயிடறோம்."

வீரணன் யோசித்துப் பார்த்தார். அந்தக் குரல் எப்படி இருந்தது என்று அவருக்குத் தெரியவில்லை. எல்லைக்கல்லின் மேலேயே உட்கார்ந்துவிட்டார். கொம்பையா அவரைத் தாண்டி ஊருக்குள் நடந்தான். யாரும் தடுக்கவில்லை. ஆடுகள் எதிரே ஓடிவந்தன.

அன்று சாயங்காலம் அவன் பிள்ளையைத் தூக்கிப் பெயர் வைத்தான். பேச்சி. அந்தப் பெயர் காற்றில் நிறமில்லாமல் நின்றது. ஊரால் அதைப் பார்க்கமுடியவில்லை, கேட்டுக்கொண்டது.

அதற்குப் பிறகு அந்த வீட்டில் ஒரு வழக்கம். கொம்பையா ஏதாவது சொல்ல ஆரம்பித்தால் சிலம்பாயி கண்ணை மூடிக்கொள்வாள். முதலில் அவனுக்குத் தாங்கவில்லை. கதவு இடுக்கில் பார்த்த முகம் அதே முகம்தானே. மூடாதே புள்ள, செத்தவன் மாதிரி இருக்கு என்று கெஞ்சினான்.

"மூடினாத்தான் நீங்க வர்றீங்க" என்றாள் அவள்.

பேச்சி வளர்ந்தாள், சரியான வாயாடி. காலையிலிருந்து முற்றம் முழுக்கப் பனம்பழ நிறத்தை இறைத்துக்கொண்டு திரிவாள். கொம்பையா சில சமயம் கம்பை ஊன்றி நின்று அதைப் பார்ப்பான். அது யாருடையது என்று அவளிடம் ஒருநாளும் சொன்னதில்லை. அவன் கூப்பிட்டால் மட்டும் அவள் ஓடுவதை நிறுத்துவாள். கண்ணை மூடுவாள். பிறகு நேராக அவனிடம் வந்து நிற்பாள்.

கதை இவ்வளவுதான். அவர்கள் வீட்டுக் கதவு அன்றையிலிருந்து திறந்தே கிடக்கிறது. நீங்கள் போய் உங்கள் கதவைப் பாருங்கள்.